பின்னி ஆலை வழக்கு: மூலதனத்தின் கூட்டும் உழைப்பின் கூட்டும்

1920ஆம் ஆண்டின் இறுதியில், பெரம்பூரில் பக்கிங்காம், கர்நாடிக் ஆலைகளை நடத்திவந்த பின்னி நிர்வாகம், சென்னைத் தொழிலாளர் சங்கத்தின் தலைவர் பி.பி. வாடியா மீதும் அவருடைய சகாக்கள் சிலர் மீதும் சென்னை உயர் நீதிமன்றத்தில் உரிமையியல் வழக்கு ஒன்றைத் தொடுத்தது. தொழிலாளர்கள் ஆலையோடு செய்துகொண்டிருந்த வேலை ஒப்பந்தத்தை மீறும்படி இவர்கள் தூண்டினார்கள், அதனால் நிறுவனத்துக்கு நட்டம் ஏற்பட்டது, அந்த நட்டத்தை இவர்களே ஈடுகட்ட வேண்டும் என்பது வழக்கின் சாரம். நீதிமன்றம் சங்கத் தலைவர்களுக்கு எதிராக இடைக்காலத் தடையாணை பிறப்பித்தது. 1926ஆம் ஆண்டின் தொழிற்சங்கச் சட்டத்துக்கு வித்திட்ட வழக்கு என்று தொழிலாளர் வரலாற்று நூல்கள் இதை ஓரிரு வரிகளில் சொல்லிக் கடந்துவிடுகின்றன. பொருளியல் சிந்தனையின் வரலாற்றில் ஆர்வமுள்ளவர்களுக்கு இது அவ்வளவு எளிதாகக் கடக்கக்கூடிய வழக்கு அன்று.

மூலதனமும் உழைப்பும் சந்தையில் எதிரெதிரே நின்று பேரம் பேசுகின்றன என்பது பொருளியல் நூல்கள் நெடுங்காலமாக வரைந்துவரும் சித்திரம். அந்தப் பேரத்துக்கு வந்து நிற்பது ஒரு தனியாளா, பலர் சேர்ந்த கூட்டமா என்பதைச் சந்தைக்கு முன்பாகவே சட்டம் முடிவுசெய்துவிடுகிறது என்பதை இந்த வழக்கு வெளிச்சமிட்டுக் காட்டியது. அதற்கு அடுத்த ஆண்டே புளியந்தோப்பில் தொழிலாளருக்குள்ளேயே மூண்ட மோதல்கள், ‘உழைப்பு’ என்று ஒருமையில் பேசும் எல்லாக் கோட்பாடுகளையும், முதலாளித்துவ ஆதரவு, எதிர்ப்பு என்ற வேறுபாடு இல்லாமல், கேள்விக்கு உள்ளாக்கின. இரண்டையும் சேர்த்துப் பார்ப்பதே இந்த ஆய்வின் நோக்கம்.

ஆலையும் சங்கமும்

பக்கிங்காம், கர்நாடிக் ஆலைகள் 19ஆம் நூற்றாண்டின் கடைசிக் கால் பகுதியில் பின்னி நிறுவனத்தால் தொடங்கப்பட்டவை. 1920 வாக்கில் இரண்டிலும் சேர்த்து ஏறத்தாழ 10,000 பேர் வேலை செய்தார்கள். இவ்வாலைகளின் காக்கித் துணி பெயர்பெற்றது. முதல் உலகப் போரின்போது படைகளுக்கான துணியும் இங்கிருந்து போயிற்று. (இன்றைய தலைமுறைக்குப் ‘பின்னி மில்’ என்றால் தமிழ்த் திரைப்படங்களின் சண்டைக் காட்சிகள் படமாக்கப்பட்ட பாழடைந்த கூடம்தான் நினைவுக்கு வரும்.) ஆலை மூர்க்கமான நிர்வாகத்துக்கு மட்டும் எடுத்துக்காட்டு என்று சொல்லிவிட முடியாது. தொழிலாளர் பிள்ளைகளுக்கு அது பள்ளிக்கூடம் நடத்தியது. பின்னாளில் நலக்குழு ஒன்றையும் ஏற்படுத்தியது. தானே பார்த்துக் கொடுக்கும் எதையும் நிர்வாகம் தாராளமாகவே கொடுத்தது. தொழிலாளர்கள் கூடி நின்று கேட்பதைத்தான் அதனால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

சங்கம் பிறந்த விதம் சற்று விநோதமானது. பெரம்பூர்ப் பகுதியில் துணிக்கடை வைத்திருந்த செல்வபதி செட்டியார், வேங்கடேச குணாமிர்த வர்ஷிணி சபை என்ற பெயரில் சமயச் சொற்பொழிவுகள் நடத்திவந்தார். சொற்பொழிவு கேட்க வந்த ஆலைத் தொழிலாளர்கள் கடையில் உட்கார்ந்து தங்கள் குறைகளையும் பேசினார்கள். செட்டியாரும் அவருடைய நண்பர் இராமாநுஜலு நாயுடுவும் அக்குறைகளை எடுத்துக்கொண்டு, அன்னி பெசன்ட் நடத்திவந்த ‘நியூ இந்தியா’ இதழின் அலுவலகத்துக்குப் போய் வாடியாவைச் சந்தித்தார்கள். 1918 ஏப்ரல் 27 அன்று சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது. வாடியா தலைவர், திரு.வி.க. துணைத் தலைவர்களில் ஒருவர். செட்டியாரும் நாயுடுவும் செயலாளர்கள். பார்சி இனத்தவரான வாடியா பிரம்மஞான சபையைச் சேர்ந்தவர், தன்னாட்சி இயக்கத்துக்காகப் பெசன்ட் அம்மையாருடன் 1917இல் உதகையில் காவலில் வைக்கப்பட்டவர், தமிழ் அறியாதவர். தொழிலாளர் முன்னே தமிழில் பேசுவதற்குத் திரு.வி.க. இருந்தார். தூத்துக்குடி கோரல் ஆலையில் 1908இல் வ.உ.சி. முன்னின்று நடத்திய வேலைநிறுத்தம் வெற்றி பெற்றிருந்தும், அதற்குப் பின் நிலையான அமைப்பு எதுவும் எஞ்சவில்லை. பெரம்பூரில் அமைப்பு முதலில் வந்தது, போராட்டம் பின்னால் வந்தது.

அந்த ஆண்டில் ஆலைத் தொழிலாளியின் கூலி எந்த நிலையில் இருந்தது என்பதை அறிய வேறெங்கும் போக வேண்டியதில்லை. 1918 செப்டம்பரில் சென்னை உட்பட மாகாணத்தின் பல ஊர்களில் தானியக் கடைகள் சூறையாடப்பட்டன. போர்க்கால விலையேற்றம் அரிசி, துணி, மண்ணெண்ணெய் எல்லாவற்றையும் எட்டாத உயரத்துக்குக் கொண்டுபோயிருந்தது. கையில் வாங்கும் பணம் குறையாமலே கூலி குறைந்துகொண்டிருந்த காலம் அது. சங்கம் எடுத்துக்கொண்ட தொடக்க வேலைகளுள் ஒன்று, தொழிலாளர்க்கு நியாய விலையில் அரிசி விற்கும் கடை. கடைக்காரரின் படி சரியாக அளக்காதபோது கூலி உயர்வு பாதியிலேயே கரைந்துபோகும் என்பதை அவர்கள் எந்த நூலையும் படிக்காமலே அறிந்திருந்தார்கள்.

பத்து நிமிடம்

சங்கத்தின் ஆரம்பக் கோரிக்கைகளில் என் கவனத்தை மிகவும் ஈர்ப்பது மதிய இடைவேளை பற்றியது. 1911ஆம் ஆண்டின் தொழிற்சாலைச் சட்டம் நெசவாலைகளில் வயது வந்த ஆண்களின் வேலைநேரத்தை நாளுக்கு 12 மணி என்று வரையறுத்தது. இடையில் சாப்பிடக் கிடைத்தது அரை மணி நேரம். தறியை விட்டு நீங்கி, கூடத்தைக் கடந்து, குழாயடியில் முறை வரும்வரை நின்று கைகழுவி, தூக்குச் சட்டியைத் திறந்து சாப்பிட்டு, சட்டியை அலம்பிக்கொண்டு, வாசல் அடைபடுவதற்கு முன் உள்ளே திரும்பிவிட வேண்டும். அரை மணியை நாற்பது நிமிடமாக்குங்கள் என்று சங்கம் கேட்டது.

பத்து நிமிடம் அற்பமாகத் தோன்றும். 10,000 தொழிலாளர்க்குப் பத்து நிமிடம் என்றால் ஒரு நாளைக்கு ஒரு லட்சம் நிமிடம், அதாவது ஏறத்தாழ 1,666 மணி நேரம். நாளுக்கு 11 மணி நேரம் உழைப்பவர்கள் என்று வைத்துக்கொண்டால் ஏறத்தாழ 150 பேரின் முழுநாள் உழைப்பு. நிர்வாகத்தின் கணக்குப் புத்தகத்தில் அது அப்படித்தான் விழும். தொழிலாளியின் பக்கத்தில் அதே பத்து நிமிடம், சோற்றை விழுங்காமல் மென்று தின்பதற்கான பொழுது. கார்ல் மார்க்ஸ் 1867இல் வெளியிட்ட ‘மூலதனம்’ முதல் தொகுதியின் வேலைநாள் பற்றிய இயலில், இங்கிலாந்தின் ஆலை ஆய்வாளர் அறிக்கைகளிலிருந்து இதே செய்தியை எடுத்தாள்கிறார். சாப்பாட்டு நேரத்தை இங்கே சில நிமிடம், அங்கே சில நிமிடம் என்று கொறித்தெடுப்பதை அந்த ஆய்வாளர்களே சில்லறைத் திருட்டு என்று குறித்திருந்தார்கள். வாங்கிய சரக்கை முழுவதும் பயன்படுத்திக்கொள்வது வாங்கியவன் உரிமை என்று முதலாளியும், என் உடம்பை மறுநாளும் விற்கும் நிலையில் வைத்திருப்பது என் உரிமை என்று தொழிலாளியும் சொல்லும்போது, சந்தையின் விதிப்படி இரண்டும் சமமான உரிமைகள். அவ்விரண்டுக்கும் இடையே வலிமைதான் தீர்ப்புச் சொல்லும் என்பது மார்க்ஸின் வாதம். அவருடைய மற்ற முடிவுகளை ஏற்காதவர்களும் இந்த இடத்தில் அவரை மறுப்பது கடினம் என்றே எனக்குப் படுகிறது.

கூலிக்கு இயற்கை எல்லை உண்டா?

வலிமையால் கூலி மாறும் என்பதை ஆங்கிலப் பொருளியல் நெடுநாள் ஒப்புக்கொள்ளவில்லை. 19ஆம் நூற்றாண்டின் முதற்பாதியில் கோலோச்சிய கூலி நிதிக் கோட்பாட்டின்படி, எந்த ஒரு காலகட்டத்திலும் கூலி கொடுப்பதற்கென்று ஒதுக்கப்பட்ட மூலதனம் ஒரு நிலையான தொகை. அத்தொகையைத் தொழிலாளர் எண்ணிக்கையால் வகுத்தால் கிடைப்பதே சராசரிக் கூலி. ஒரு சங்கம் தன் உறுப்பினர்க்கு அதிகம் பெற்றால் அது வேறு தொழிலாளரின் வாயிலிருந்து பிடுங்கியதாகவே இருக்க முடியும். சங்கம் சேர்வதைக் கூடாது என்று சொல்வதற்கு இதைவிட வசதியான கருவி கிடைக்காது. சட்டம் தடை செய்யத் தேவையில்லை, கணக்கே தடை செய்துவிடுகிறது.

இக்கோட்பாட்டைப் பரவலாக்கியவர்களில் ஒருவரான ஜான் ஸ்டூவர்ட் மில்லே 1869இல் அதைக் கைவிட்டார். வில்லியம் தார்ன்டனின் நூலுக்கு எழுதிய மதிப்புரையில், கூலிக்கென்று முன்கூட்டியே ஒதுக்கி வைத்த நிதி என்று ஒன்று இல்லை. முதலாளி தன் குடும்பச் செலவு போக மீதி எல்லாவற்றையும் கூலியாகக் கொடுக்க வேண்டிவந்தாலும் அதைத் தடுக்கும் இயற்கை விதி எதுவும் இல்லை. தொழிலே அழிந்துபோகும் அல்லது முதலாளி தொழிலை விட்டுவிடும் நிலைதான் எல்லை என்று எழுதினார். அந்த எல்லைக்கும் பிழைப்புக்குப் போதுமான குறைந்தபட்சக் கூலிக்கும் நடுவே அகலமான இடைவெளி இருக்கிறது. அதில் கூலி எங்கே நிற்கும் என்பது பேரத்தைப் பொறுத்தது. 1881இல் பொருளியலாளர் எட்ஜ்வர்த் இதையே கணிதமாக்கி, இரு தரப்பும் தனித்தனியே ஒன்றாக நின்று பேரம் பேசும் இடத்தில் விலை தானாக நிலைபெறும் புள்ளி எதுவும் இல்லை என்று காட்டினார்.

போர்க்காலப் பின்னி ஆலையில் இந்த இடைவெளி வழக்கத்தைவிட அகன்றிருந்தது. படைத்துறைக் கொள்முதல் துணிக்குச் சந்தையை உறுதிப்படுத்தியிருந்தது. இறக்குமதித் துணியின் போட்டியும் தளர்ந்திருந்தது. ஆயினும் அந்த அகலத்தை எவ்வளவு பயன்படுத்திக்கொள்ளலாம் என்பதில் சங்கத் தலைமையே தயங்கியது. 1918இல் வேலைநிறுத்தத்துக்குத் தொழிலாளர்கள் துடித்தபோது வாடியா அவர்களைத் தடுத்தார். நட்டம் பின்னி நிறுவனத்தின் பணப்பைக்கு மட்டும் என்றால் தமக்குக் கவலையில்லை, போர்முனைக்குப் போகும் துணி நின்றுவிடக் கூடாது என்பது அவர் நிலைப்பாடு. நிர்வாகத்துக்கு அப்படிப்பட்ட தயக்கம் இருந்ததாகத் தெரியவில்லை. அந்த ஆண்டு முடிவதற்குள் அதுவே ஆலையின் கதவை அடைத்தது.

யார் எத்தனை நாள் தாங்குவது

வேலைநிறுத்தத்தையும் கதவடைப்பையும் ஒரே நாணயத்தின் இரு பக்கங்களாகச் சொல்லும் பழக்கம் இருக்கிறது. ஆடம் ஸ்மித் 1776இலேயே இதை மறுத்துவிட்டார். நிலக்காரரோ ஆலை முதலாளியோ வணிகரோ ஒரு தொழிலாளியைக்கூட வேலைக்கு வைக்காமல் ஏற்கெனவே சேர்த்து வைத்ததைக் கொண்டே ஓரிரு ஆண்டுகள் தாங்க முடியும். தொழிலாளரிலோ பலரால் ஒரு வாரம்கூடத் தாங்க முடியாது, ஒரு மாதம் தாங்கக்கூடியவர் சிலரே, ஓராண்டு தாங்கக்கூடியவர் அநேகமாக எவரும் இல்லை என்று அவர் கணக்கிட்டார். நெடுநோக்கில் தொழிலாளி முதலாளிக்கு எவ்வளவு தேவையோ அவ்வளவு முதலாளியும் தொழிலாளிக்குத் தேவை. ஆனால் தேவையின் அவசரம் ஒரே அளவில் இல்லை. கூலியைக் குறைக்கக் கூடுவோரைத் தண்டிக்க நாடாளுமன்றச் சட்டம் ஒன்றும் இல்லை, உயர்த்தக் கூடுவோரைத் தண்டிக்கப் பல உண்டு என்றும் அதே இடத்தில் எழுதினார். முதலாளிகளின் கூட்டு ஓசையில்லாமல் எங்கும் எப்போதும் இருப்பதால் யார் கண்ணிலும் படுவதில்லை என்பது அவர் கருத்து.

1920 அக்டோபரில், நெசவுப் பிரிவில் ஒரு பதவிக்கு யாரை உயர்த்துவது என்பதில் மூண்ட பூசல் வேலைநிறுத்தமாகவும் கதவடைப்பாகவும் முற்றியபோது, ஸ்மித் சொன்ன கூட்டு பெரம்பூரில் இன்னொரு வடிவில் இருந்தது. அதே 1920ஆம் ஆண்டில்தான் இரண்டு ஆலைகளும் ஒரே கூட்டுப் பங்கு நிறுவனமாக இணைக்கப்பட்டன. பல பங்குதாரர்களின் பணம் ஒன்றுசேர்ந்து, சட்டத்தின் பார்வையில் ஓர் ஆளாகி, அந்த ஆளின் பெயரால் வேலை கொடுக்கவும் கதவடைக்கவும் வழக்குத் தொடுக்கவும் முடிந்தது. அதில் பங்கு வைத்திருந்தவரின் பொறுப்பு பங்கின் அளவோடு முடிந்துவிடும். தொழிலாளரின் கூட்டுக்கு இந்தியச் சட்டத்தில் அப்படி ஓர் உருவம் கிடையாது. சங்கத்தின் பெயரால் எடுத்த முடிவுக்கு வாடியாவும் மற்றவர்களும் தம் சொந்த உடைமையைக் கொண்டு பதில் சொல்ல வேண்டியிருந்தது.

வழக்கின் சட்ட அடிப்படை ஆங்கிலப் பொதுச் சட்டம். பிறர் ஒப்பந்தத்தை மீறும்படி தூண்டுவது ஒரு தீங்கு, அதற்கு இழப்பீடு கேட்கலாம் என்பது 1853இல் ஒரு பாடகியை ஒட்டி எழுந்த வழக்கில் நிலைபெற்றது. 1901இல் டாஃப் வேல் ரயில் நிறுவன வழக்கில், வேலைநிறுத்த நட்டத்துக்காகச் சங்கத்தின் மீதே வழக்குத் தொடுக்கலாம் என்று பிரபுக்கள் அவை தீர்ப்பளித்தது. அந்த ரயில்வே ஊழியர் சங்கம் 23,000 பவுண்டு இழப்பீடு கொடுக்க நேர்ந்தது. அதன் விளைவாகத் தொழிலாளர் அரசியல் வலுவடைந்து, 1906ஆம் ஆண்டின் தொழிற்தகராறுச் சட்டம் பிரிட்டனில் இந்த வழியை அடைத்தது. பொதுச் சட்டத்தின் கோட்பாடு கப்பலேறிச் சென்னைக்கு வந்திருந்தது. அதற்கு மாற்றாக நாடாளுமன்றம் இயற்றிய பாதுகாப்பு வரவில்லை. லண்டனில் சங்கத் தலைவர் ஒருவர் தயங்காமல் செய்யக்கூடிய காரியத்துக்கு, பதினான்கு ஆண்டுகள் கழித்தும் சென்னையில் சொத்தை இழக்க வேண்டிய நிலை இருந்தது இப்படித்தான்.

இங்கே இன்னொரு சட்டத்தையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். முன்பணம் வாங்கிய தொழிலாளி ஒப்பந்தத்தை மீறினால் அவனைச் சிறைக்கு அனுப்ப வழிசெய்த 1859ஆம் ஆண்டின் 13ஆவது சட்டம் அப்போதும் உயிரோடிருந்தது. 1925இல்தான் அதை நீக்க முடிவாயிற்று. ஒப்பந்தம் என்பது இரண்டு சுதந்திர மனிதர்களின் உடன்பாடு என்று சொல்லிக்கொண்டே, ஒரு தரப்பின் மீறலைக் குற்றமாகவும் மறு தரப்பின் மீறலை வெறும் பணக்கணக்காகவும் நடத்திய சட்ட அமைப்பு இது. ஆலைத் தொழிலாளர் எல்லாரும் இச்சட்டத்தின் கீழ் வந்தவர்கள் அல்லர். ஆனால் உழைப்பு ஒப்பந்தத்தை அக்கால நீதிமன்றங்கள் எந்தக் கண்ணோட்டத்தில் பார்த்துப் பழகியிருந்தன என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

வழக்கு இறுதித் தீர்ப்பு வரை போகவில்லை. 1921இன் தொடக்கத்தில் சமரசம் ஏற்பட்டது. வாடியா சங்கத்தோடு தமக்கிருந்த தொடர்பை விட்டுவிட வேண்டும் என்பது அதன் முக்கிய நிபந்தனை. அவர் அவ்வாறே விலகினார்.

புளியந்தோப்பு

இதுவரை சொன்னது மூலதனம், உழைப்பு என்ற இரண்டு தரப்புகளின் கதை. 1921இன் நடுவில் தொடங்கி அக்டோபர் வரை மாதக்கணக்கில் நீண்ட அடுத்த வேலைநிறுத்தத்தில் அந்தச் சித்திரம் குலைந்தது. ஆதிதிராவிடத் தொழிலாளரில் பெரும்பாலோர் வேலைநிறுத்தத்தில் சேராமல் ஆலைக்குத் திரும்பினார்கள். எம்.சி. ராஜா போன்ற அவர்களின் தலைவர்களும் அரசின் தொழிலாளர் துறையும் அவர்களுக்குத் துணைநின்றனர். வேலைநிறுத்தம் செய்த சாதி இந்துக்களும் முஸ்லிம்களும் ஒரு புறமாகவும் ஆதிதிராவிடர்கள் மறு புறமாகவும் மோதல் வெடித்தது. ஜூன் இறுதியில் புளியந்தோப்பில் ஆதிதிராவிடர் குடிசைகள் கொளுத்தப்பட்டன. ஆகஸ்டு இறுதியில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் போயின. நீதிக்கட்சிக்குள்ளும் பிளவு விழுந்தது. அரசு ஆதிதிராவிடருக்குச் செல்லம் கொடுக்கிறது என்று பி. தியாகராயச் செட்டியார் தரப்பு குற்றஞ்சாட்டியது, அக்கட்சியோடு இருந்த ராஜா அதிலிருந்து விலகிப்போகும் பாதை இங்கே தொடங்கிற்று. திரு.வி.க.வை நாடு கடத்துவது பற்றிய எச்சரிக்கையும் ஆளுநர் வெலிங்டனிடமிருந்து வந்தது. வேலைநிறுத்தம் தொழிலாளருக்குத் தோல்வியாக முடிந்தது.

வேலைக்குப் போனவர்களைக் ‘கருங்காலி’ என்று சொல்லி முடித்துவிடுவது சங்க மேடைகளின் வழக்கம். நிர்வாகமும் அரசும் சேர்ந்து செய்த பிரித்தாளும் சூழ்ச்சி என்பது அதைவிடச் சற்று நாகரிகமான விளக்கம். சூழ்ச்சி இல்லை என்று நான் சொல்லவில்லை. ஆனால் சூழ்ச்சி பலிப்பதற்கு நிலத்தில் முன்பே வெடிப்பு இருக்க வேண்டும். ஸ்மித்தின் கணக்கைத் தொழிலாளருக்குள்ளேயே செலுத்திப் பார்த்தால் அந்த வெடிப்பு தெரியும். எத்தனை நாள் வேலையின்றித் தாங்க முடியும் என்பது எல்லாத் தொழிலாளர்க்கும் ஒன்றாக இருக்கவில்லை. ஊரில் கொஞ்சம் நிலமோ, கடன் கொடுக்கும் சாதி உறவோ, அரிசியைக் கணக்கில் எழுதிக்கொண்டு தரும் மளிகைக் கடைக்காரரோ இருப்பவர் ஒரு மாதம் கூடத் தாங்குவார். இவற்றில் எதுவும் இல்லாதவர்க்கு ஆலைக் கூலி ஒன்றுதான் பிடிமானம். அதற்கு மேல், கிராமத்துப் பண்ணையடிமை வாழ்விலிருந்து தப்பி வந்தவர்க்கு ஆலை வேலை என்பது கூலியோடு வேறொன்றையும் தந்தது: வாரிசாக வந்த ஆண்டையின் பிடி எட்டாத ஓர் இடம். அதை இழப்பதன் விலை மற்றவர்க்கு இருந்ததைவிடப் பெரியது. 1918இலும் 1920இலும் கதவடைப்பால் கையிருப்பைத் தொலைத்த பிறகு, மூன்றாம் முறையும் பட்டினி கிடக்க வேண்டும் என்று கேட்ட சங்கம், மற்ற நாள்களில் அவர்களுக்கு என்ன செய்திருந்தது என்ற கேள்வியும் அவர்கள் மனத்தில் எழுந்திருக்கும்.

கூலி நிதிக் கோட்பாட்டுக்கும் அதற்குப் பின் வந்த, உழைப்பின் இறுதி அலகு எவ்வளவு விளைவிக்கிறதோ அதுவே கூலி என்ற அமெரிக்கப் பொருளியலாளர் கிளார்க்கின் கோட்பாட்டுக்கும் இங்கே சொல்ல ஒன்றுமில்லை. அவற்றில் தொழிலாளி என்பவர் எண்ணிக்கையில் ஓர் அலகு மட்டுமே. மார்க்ஸின் கோட்பாடு இதைவிட அருகில் வருகிறது. வேலையற்றோர் பட்டாளம் வேலையிலிருப்போரின் பேரவலிமையை, அதாவது பேரம் பேசும் வலிமையைக் குறைக்கிறது என்று அது சொல்கிறது. எனினும் அந்தப் பட்டாளத்தில் யார் நிரந்தரமாக நிறுத்தப்படுகிறார்கள் என்பதை அது சொல்வதில்லை. இயந்திரமும் நெருக்கடியும் யாரையும் அங்கே தள்ளலாம் என்பதே அதன் அனுமானம். இங்கே அந்த இடத்தைப் பிறப்பு ஒதுக்கிவைத்திருந்தது. சாதி என்பது தொழில்களைப் பிரிப்பதோடு தொழிலாளர்களையும் பிரிக்கிறது, அதுவும் மேலும் கீழுமாக அடுக்கி வைத்துப் பிரிக்கிறது என்று அம்பேத்கர் 1936இல் எழுதியது பம்பாய் ஆலைகளைக் கண்ட அனுபவத்தோடு எழுதியது. அங்கே தறியில் ஓடும் நாடாவில் நூலை வாயால் உறிஞ்சி இழுக்க வேண்டியிருந்ததால், தீட்டு என்று சொல்லி, கூலி அதிகமான நெசவுப் பிரிவில் தலித்துகளைச் சக தொழிலாளரே சேர்க்காமலிருந்தார்கள். அதைத் தடுத்தது மூலதனம் அல்ல என்பதை மார்க்ஸிய வரலாற்றாசிரியர் சிலர் தயக்கத்தோடுதான் ஒப்புக்கொள்கிறார்கள்.

இதற்கு எதிராக ஒரு வாதம் வரக்கூடும்: பெரம்பூரில் வேலை கொடுப்பவர் பின்னி மட்டுமல்லவே, ரயில்வே பட்டறைகளும் இருந்தனவே, பேரவலிமை குறைந்தவர் அங்கே போயிருக்கலாமே என்று. வேலை வாங்குபவர் ஒருவரே இருக்கும் சந்தையில் கூலி கீழே அழுத்தப்படும் என்று ஜோன் ராபின்சன் 1933இல் விரித்துரைத்த கோட்பாட்டுக்குப் பெரம்பூர் பாடநூல் உதாரணம் ஆகாது என்பது உண்மைதான். ஆனால் தறியில் பழகிய கை கொல்லுப்பட்டறையில் ஆரம்பக் கூலிதான் பெறும். குடிசையும் கடனும் ஆலையைச் சுற்றியே இருக்கும். பட்டறையிலும் வேலைக்கு ஆள் சேர்த்துவிடுபவர் மேஸ்திரி, அவருக்கும் சாதி உண்டு. இடம்பெயரும் சுதந்திரம் காகிதத்தில் இருந்த அளவுக்குத் தெருவில் இல்லை.

1926ஆம் ஆண்டின் சட்டம்

வாடியா மீதான தடையாணையின் அதிர்ச்சி 1921 மார்ச்சிலேயே மத்திய சட்டமன்றத்தை எட்டியது. தொழிற்சங்கங்களைப் பதிவு செய்யவும் பாதுகாக்கவும் சட்டம் வேண்டும் என்று தொழிலாளர் தலைவர் என்.எம். ஜோஷி தீர்மானம் கொண்டுவந்தார். 1926இல் நிறைவேறி 1927 ஜூன் முதல் நடைமுறைக்கு வந்த சட்டத்தின் 18ஆவது பிரிவு, தொழிற்தகராறை ஒட்டிச் செய்த செயல் ஒப்பந்த மீறலைத் தூண்டியது என்பதற்காக மட்டும் பதிவுபெற்ற சங்கத்தின் மீதோ நிர்வாகிகள் மீதோ உரிமையியல் வழக்குத் தொடுக்க முடியாது என்றது. அந்த வாசகத்தைப் படிப்பவர் கண்ணில் பெரம்பூர் தெரியும். 17ஆவது பிரிவு சதிக்குற்றச்சாட்டிலிருந்து பாதுகாப்பு அளித்தது. 13ஆவது பிரிவு பதிவுபெற்ற சங்கத்தைச் சட்டத்தின் பார்வையில் ஓர் ஆளாக்கியது. பங்குதாரர்களுக்கு நெடுநாளாக இருந்த வசதி, ஏழு பேர் சேர்ந்து விண்ணப்பித்தால் தொழிலாளருக்கும் கிடைத்தது.

நிர்வாகம் சங்கத்தை அங்கீகரித்தே ஆக வேண்டும் என்று சட்டம் எங்கும் சொல்லவில்லை. பேரம் பேசுவதற்கு ஓர் உருவத்தைக் கொடுத்த சட்டம், எதிரில் இருப்பவர் உட்கார்ந்து பேச வேண்டும் என்ற கடமையைக் கொடுக்காமல் நிறுத்திக்கொண்டது. எட்ஜ்வர்த்தின் மாதிரியிலும் பிற்காலத்தில் பொருளியலாளர் ஹிக்ஸ் 1932இல் வரைந்த, நாள் செல்லச் செல்ல முதலாளி விட்டுக்கொடுப்பதையும் சங்கம் இறங்கிவருவதையும் காட்டும் வளைகோடுகளிலும் இரு தரப்பும் மேசையில் இருப்பது எடுத்த எடுப்பிலேயே அனுமானமாக வைக்கப்பட்டிருக்கிறது. நடைமுறையில் தகராறுகள் பலவும் அந்த மேசையை அடைவது பற்றியவை.

எந்த வளைகோட்டிலும் இடம்பெறாத இன்னொருவர், ஆலையில் வேலை செய்யாமலே சங்கத்தை நடத்தும் வெளியாள். துணிக்கடைக்காரரும், பள்ளி ஆசிரியராயிருந்து பத்திரிகையாசிரியரான தமிழறிஞரும், பார்சி ஞானவாதியும் சேர்ந்து நடத்திய சங்கத்தில், வேலையை விட்டு நீக்குவேன் என்ற மிரட்டல் தலைவர்களிடம் செல்லாது. நிர்வாகத்துக்குக் கடிதம் எழுதவும் நாடாளுமன்றக் குழுவின் முன் சாட்சி சொல்லவும் லண்டனில் பேசவும் அவர்களால் முடிந்தது. 1921 சமரசத்தில் நிறுவனம், தான் நீதிமன்றத்தில் கேட்ட இழப்பீட்டைவிட ஒரே ஓர் ஆளின் விலகலுக்கு அதிக மதிப்புக் கொடுத்தது என்றால், அந்த ஆள் தொழிலாளரின் பேரவலிமையில் எவ்வளவு பங்கு வகித்தார் என்பதற்கு அதுவே நிறுவனம் தானாக எழுதிக்கொடுத்த மதிப்பீடு. 1926 சட்டத்தின் 22ஆவது பிரிவு நிர்வாகிகளில் பாதிப் பேராவது அதே தொழிலில் உண்மையில் வேலை செய்பவராக இருக்க வேண்டும் என்று வைத்து, மறு பாதியை வெளியாருக்கு விட்டது. 2001இல் வந்த திருத்தம், அமைப்புசார்ந்த தொழில்களில் வெளியாரின் எண்ணிக்கையை மூன்றில் ஒரு பங்கு அல்லது ஐந்து பேர், இவற்றில் எது குறைவோ அது என்று சுருக்கியது.